மே மாதத்துக்குப் பிறகும் தங்கும் கேமரா: எருது விடும் உலகமும் சுயாதீன ஆவணப்படமும்

தை பிறந்ததும் கிருஷ்ணகிரி மாவட்டத்து ஊர்த் தெருக்களில் சவுக்குக் கழிகளைக் கட்டித் தடுப்பு எழுப்பும் வேலை தொடங்கிவிடும். எருது விடும் விழா நடக்கும் நாளில் தடுப்பின் மீதும் மாடிகளின் மீதும் டிராக்டர்களின் மீதும் ஏறி நிற்கும் கூட்டத்தில் பலர் கையில் செல்போனை உயர்த்திப் பிடித்திருப்பார்கள். தலைக்கு மேல் டிரோன் பறக்கும். காளை ஓடி முடித்த சில நிமிடங்களில் அந்த ஓட்டம் யூடியூபிலும் இன்ஸ்டாகிராமிலும் ஏறியிருக்கும். இத்தனை கேமராக்களுக்கு நடுவே எப்போதாவது ஒருவர் சிறிய கேமராவும் ஒலி பதியும் கருவியுமாக வந்து நிற்பார். அவர் தொலைக்காட்சிக்காரர் இல்லை, யூடியூபரும் இல்லை. விழா முடிந்த மறுநாளும் ஊரில் இருப்பார். மாட்டுக்காரரின் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து, ஓடாத நாளில் காளை என்ன செய்கிறது என்று கேட்டுக்கொண்டிருப்பார். அவரைச் சுயாதீன ஆவணப்பட இயக்குநர் என்கிறோம். இந்த மாவட்டத்தில் ஒரே ஆர்வத்தால் கூடிய சிறு கூட்டங்கள் அப்படிப்பட்ட ஒருவரை ஏன் இழுக்கின்றன, அவர் எந்த நிபந்தனைகளுக்கு உட்பட்டு வேலை செய்கிறார், அவரால் இந்த மக்களுக்கு என்ன நேர்கிறது என்பதை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஒரு பெரிய சமூகத்துக்குள்ளேயே தனக்கென்று நாயகர்களையும், மதிப்பெண் முறையையும், உடையையும், பேச்சையும், ஒதுக்கிவைக்கும் விதிகளையும் வைத்துக்கொண்டு இயங்கும் கூட்டத்தைத் துணைப்பண்பாடு என்று சமூகவியலாளர்கள் குறிப்பிடத் தொடங்கியது 1940களில். 1964 இல் பர்மிங்காம் பல்கலைக்கழகத்தில் தொடங்கப்பட்ட சமகாலப் பண்பாட்டு ஆய்வு மையம் அந்தக் கருத்தை இங்கிலாந்தின் தொழிலாளர் குடும்பத்து இளைஞர்களிடம் பொருத்திப் பார்த்தது. ஆனால் லண்டனின் பங்க் இசை இளைஞர்களை மனத்தில் வைத்து எழுதப்பட்ட விளக்கங்களை அப்படியே இந்த மாவட்டத்துச் சூளகிரிக்குக் கொண்டுவந்தால் பொருந்தாது. அங்கே இளைஞர்கள் பெற்றோரின் உலகத்திலிருந்து விலகிப் போனார்கள். இங்கே தகப்பனாரின் ஆசைக்காளையை மகன் தொடர்ந்து வளர்க்கிறான். குலதெய்வத்தின் பெயரைக் காளைக்கு வைத்து, அதன் படத்தை பனியனில் அச்சடித்து, ஃபிளெக்ஸ் கட்டி, அதற்கென்று ரசிகர் கூட்டம் சேர்க்கிறான். பழையதும் புதியதும் ஒரே மூச்சில் நடக்கும் இந்தக் கலப்புதான் கேமராவுடன் வருபவரை முதலில் நிறுத்திவைக்கிறது என்று நினைக்கிறேன்.

வெளியிலிருந்து பார்ப்பவருக்கு எல்லாமே ஜல்லிக்கட்டு. உள்ளே இருப்பவர்களுக்கு வேறுபாடுகள் மிக முக்கியம். பர்கூர் பக்கத்திலிருந்து திருப்பத்தூர், வேலூர் வரை பெரும்பாலும் காளை குறிப்பிட்ட தூரத்தை எத்தனை விநாடியில் கடக்கிறது என்பதே பேச்சு. விநாடியின் பின்னங்கள் வரை அளந்து பரிசு தருவார்கள். ஒரு காளையின் சிறந்த நேரத்தை அதன் ரசிகர்கள் மனப்பாடமாகச் சொல்வார்கள். ஓசூர், சூளகிரிப் பக்கம் காளையின் கொம்புகளில் வண்ணத் தட்டிகளைக் கட்டி விடுவார்கள். ஓடும் காளையிடமிருந்து அந்தத் தட்டியைப் பறிப்பதில்தான் இளைஞர்களின் பெருமை இருக்கிறது. மாடுகளும் எல்லாம் ஒன்றல்ல. ஓசூர்ப் பக்கம் கர்நாடகத்து ஹள்ளிகார் இனத்துக்கு மதிப்பு அதிகம். தருமபுரி மாவட்டம் பென்னாகரத்தை ஒட்டிய காவிரிக்கரைக் காடுகளில் மேய்ந்து வளர்ந்த ஆலம்பாடி இனம் எண்ணிக்கையில் குறைந்துவிட்டதால் அதை வைத்திருப்பதே தனிப் பெருமையாகிவிட்டது. (பர்கூர் மாடு என்று பெயர் பெற்ற இனம் ஈரோடு மாவட்டம் அந்தியூர் மலையிலுள்ள பர்கூரைச் சேர்ந்தது, நம் மாவட்டத்துப் பர்கூரைச் சேர்ந்தது அல்ல. வெளியிலிருந்து வந்து எழுதுபவர்கள் இதில் அடிக்கடி தடுமாறுகிறார்கள்.)

சட்டமும் இந்த உலகத்துக்கு வடிவம் கொடுத்திருக்கிறது. 2014 மே 7 அன்று உச்ச நீதிமன்றம் ஜல்லிக்கட்டுக்குத் தடை விதித்தது. 2017 ஜனவரியில் சென்னை மெரினா தொடங்கித் தமிழ்நாடெங்கும் நடந்த போராட்டத்துக்குப் பிறகு மாநிலச் சட்டமன்றம் மிருகவதைத் தடுப்புச் சட்டத்தில் திருத்தம் கொண்டுவந்தது. 2023 மே 18 அன்று அரசியல் சாசன அமர்வு அந்தத் திருத்தத்தை ஏற்றுக்கொண்டது. அந்தத் திருத்தம் ஜல்லிக்கட்டு என்பதற்குள் மஞ்சுவிரட்டு, வடமாடு, எருது விடும் விழா ஆகியவற்றையும் சேர்த்து, அவற்றை ஜனவரியிலிருந்து மே மாதம் வரை நடத்தலாம் என்கிறது. மாவட்ட ஆட்சியரின் முன் அனுமதி, கால்நடை மருத்துவரின் பரிசோதனை, தடுப்பு வேலி என்று விதிகளும் உண்டு. ஆக, ஓர் ஆண்டில் ஐந்து மாதம் மட்டுமே காளை ஓட முடியும். மீதி ஏழு மாதத்தில் என்ன நடக்கிறது என்பதைத் தொலைக்காட்சிகள் பெரும்பாலும் காட்டுவதில்லை. அங்கேதான் ஆவணப்பட இயக்குநருக்கு வேலை இருக்கிறது என்பதே நான் இங்கே வற்புறுத்த விரும்பும் கருத்து.

ஜூன் முதல் டிசம்பர் வரை காளை வீட்டில் நிற்கிறது. விடியற்காலையில் அதை நடத்திக்கொண்டு போக வேண்டும். ஏரியிலோ கிணற்றிலோ தண்ணீர் இருந்தால் நீச்சலடிக்க விட வேண்டும். பருத்திக்கொட்டையும் தவிடும் உளுந்தும் கலந்து தீனி வைக்க வேண்டும். ஈ மொய்த்தால் புகை போட வேண்டும். உழவுக்குப் போகாத, பால் தராத ஒரு விலங்குக்கு ஆண்டு முழுவதும் இந்தச் செலவு. இதைச் சுமப்பவர்களில் பலர் பெரிய நிலக்காரர்கள் அல்லர். ஓசூர் சிப்காட் தொழிற்சாலைகளில் ஷிஃப்ட் வேலைக்குப் போகும் இளைஞர்கள் நாலைந்து பேர் சேர்ந்து ஒரு காளையை வைத்திருப்பதுண்டு. இரவு ஷிஃப்ட் முடித்து கம்பெனி பேருந்திலிருந்து இறங்குபவன் நேரே கொட்டகைக்குப் போய்த் தொட்டியில் தண்ணீர் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் படுப்பான். அவன் தொழிற்சாலையில் இருக்கும் நேரத்தில் தீனி வைப்பது அம்மா அல்லது அக்கா. விழா நாளில் ஆயிரம் பேர் நடுவே யாருக்கும் அடங்காத அதே காளை, கொட்டகையில் அந்த அம்மாவின் குரலுக்குத் தலையைத் தாழ்த்திக் கொம்பின் அடியைச் சொறியக் கொடுத்துக்கொண்டு நிற்கும். தடுப்புக்குள் பெண்கள் கிடையாது. பரிசு வாங்கும் மேடையிலும் அவர்களைப் பார்ப்பது அரிது. விழாவை மட்டும் படம் பிடித்தால் இந்த உலகம் ஆண்களால் மட்டும் ஆனது என்றே பதிவாகும். அது பொய்யான பதிவு.

இந்த ஏழு மாதத்தைப் படம் பிடிக்க நேரம் வேண்டும். சுயாதீனம் என்ற சொல்லை நம் ஊரில் கருத்துச் சுதந்திரம் என்ற பொருளில் மட்டும் புரிந்துகொள்கிறோம். நடைமுறையில் அது நேரத்தை யார் கொடுக்கிறார்கள் என்ற கேள்வி. 1948 இல் தொடங்கப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷன் பல பத்தாண்டுகள் இந்தியாவின் ஆவணப்பட உலகத்தைத் தன் கையில் வைத்திருந்தது. திரையரங்கில் படத்துக்கு முன் ஓடிய நியூஸ் ரீல்கள் அங்கிருந்து வந்தவை. அரசுக்கு வேண்டிய கருப்பொருள், அரசு வகுத்த நாட்கள், மேலே ஒரு வர்ணனைக் குரல் என்பதே அவற்றில் பலவற்றின் வடிவம். நிறுவனத்துக்கு வெளியே நின்றவர்களுக்கோ ஃபிலிம் சுருளின் விலையே தடையாக இருந்தது. 16 மில்லிமீட்டர் ஃபிலிமில் 400 அடிச் சுருள் ஒன்று சுமார் 11 நிமிடம் ஓடும். அதற்குள் எதிரே இருப்பவர் மனம் திறக்காவிட்டால் பணம் போனது போனதுதான். அதனால் முன்கூட்டியே தெரிந்த காட்சியை, அதாவது விழாவை, சடங்கை, ஊர்வலத்தைத்தான் எடுக்க முடிந்தது. 1995 இல் டிஜிட்டல் வீடியோ கேமராக்கள் சந்தைக்கு வந்த பிறகு ஒருவர் தனியாளாக மணிக்கணக்கில் பதிவு செய்ய முடிந்தது. ஒன்றும் நடக்காத நேரத்தையும் எடுத்துவைக்கலாம் என்றானது. துணைப்பண்பாடுகளைப் பற்றிய ஆவணப்படங்கள் பெருகியதற்குக் கருவியின் இந்த மாற்றம் ஒரு முக்கியக் காரணம்.

கருவி மலிந்தாலும் சாப்பாட்டுச் செலவு மலியவில்லை. ஃபிலிம்ஸ் டிவிஷன் 2022 இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டுவிட்டது. 2000 இல் டெல்லியில் தொடங்கப்பட்ட பொதுச்சேவை ஒளிபரப்பு அறக்கட்டளை போன்ற சில அமைப்புகள் பலருக்குக் கைகொடுத்திருக்கின்றன. கலை முயற்சிகளுக்கு நிதி உதவும், பெங்களூரிலுள்ள இந்தியக் கலைகளுக்கான அறக்கட்டளை ஓசூரிலிருந்து 40 கிலோமீட்டர் தூரத்தில்தான் இருக்கிறது. ஆனாலும் பெரும்பாலானவர்கள் கல்யாண வீடியோ எடுத்தும், விளம்பரப் படங்களுக்கு எடிட்டிங் செய்தும், கல்லூரியில் வகுப்பெடுத்தும் ஈட்டிய பணத்தில்தான் தங்கள் படத்தை முடிக்கிறார்கள். ஒரு படம் மூன்று நான்கு ஆண்டுகள் இழுத்தால் அதற்கு இயக்குநரின் சோம்பலைக் குறை சொல்ல முடியாது.

இப்போது ஒரு கடினமான கேள்வி வருகிறது. காளைக்காரர்கள் தங்களைத் தாங்களே படம் எடுத்துக்கொள்கிறார்கள். டிரோனும் ஸ்லோமோஷனும் பின்னணி இசையும் அவர்களிடம் இருக்கின்றன. பார்வையாளர் எண்ணிக்கையில் எந்த ஆவணப்படமும் அவர்களை நெருங்க முடியாது. அப்படியிருக்க வெளியாள் எதற்கு? ஒரு பதில், அந்த வீடியோக்கள் எதை விடுகின்றன என்று பார்த்தால் கிடைக்கும். அவற்றில் காளை ஓடுகிறது, வெல்கிறது, கூட்டம் ஆரவாரிக்கிறது. கால் பிசகிய காளை இல்லை; மாடு முட்டி மாதக்கணக்கில் வேலைக்குப் போக முடியாதவன் இல்லை; தீனிக்கு வாங்கிய கடன் இல்லை; காளையை விற்றுவிடலாம் என்று வீட்டில் நடக்கும் சண்டை இல்லை; எந்தத் தெரு வழியாக ஓட்டம் போக வேண்டும், யாருக்கு முதல் மரியாதை என்பதில் ஊருக்குள் இருக்கும் உரசல் இல்லை. பெருமைக்காக எடுத்த படத்தில் இவை இடம்பெறாமல் இருப்பது இயல்பு. இன்னொன்று ஒலி. அந்த வீடியோக்களில் பெரும்பாலும் சினிமாப் பாட்டு ஓடும். ஓசூர்ப் பக்கத்துக் கொட்டகையில் உண்மையில் கேட்பது வேறு: வீட்டில் தெலுங்கு, மாட்டுச் சந்தையில் கன்னடம், தாலுகா அலுவலகத்தில் தமிழ் என்று ஒரே ஆள் ஒரே நாளில் மூன்று மொழியில் பேசுவார், காளையை அதட்டுவது ஒரு மொழியில், கொஞ்சுவது இன்னொரு மொழியில் நடக்கும். நல்ல மைக்கும் பொறுமையும் உள்ளவர் மட்டுமே இதைப் பதிவு செய்ய முடியும். அதற்கு வசன வரி எழுதும்போது மூன்று மொழியையும் ஒன்றாக்கிவிடாமல் இருப்பதும் அவர் பொறுப்பு.

வெளியாள் செய்யும் கெடுதலும் உண்டு. வந்தவுடன் “அந்த ஃபிளெக்ஸைக் கொஞ்சம் நகர்த்துங்கண்ணா, பனியனைக் கழற்றிட்டு வேட்டி கட்டிக்குங்க” என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். இந்த ஆசை ஆவணப்படத்தின் தொடக்கத்திலேயே இருந்தது. ராபர்ட் ஃபிளாஹர்ட்டி 1922 இல் வெளியிட்ட ‘நானூக் ஆஃப் தி நார்த்’ படத்தில் கனடாவின் இன்யூட் மக்கள் ஈட்டியால் வேட்டையாடுவதாகக் காட்டினார். அப்போதே அவர்கள் துப்பாக்கியைப் பயன்படுத்திக்கொண்டிருந்தார்கள். நாயகனின் உண்மைப் பெயரும் நானூக் இல்லை. அந்த மக்களைக் காலத்துக்கு அப்பாற்பட்டவர்களாகக் காட்ட வேண்டும் என்ற ஆசை, அவர்கள் அன்று எப்படி வாழ்ந்தார்கள் என்ற தகவலை மறைத்துவிட்டது. நம் மாவட்டத்திலும் இதே தவறு நடந்தால் நடுகல் காலத்திலிருந்து மாறாமல் வந்த வீர விளையாட்டு என்ற அழகான சித்திரம் கிடைக்கும். ஒப்பந்தத் தொழிலாளியாக வேலை பார்த்துக்கொண்டே காளை வளர்க்கும் 2020களின் இளைஞன் காணாமல் போய்விடுவான். தருமபுரி, கிருஷ்ணகிரிப் பகுதிகளில் ஆநிரை மீட்டு இறந்த வீரர்களின் நடுகற்கள் நிறைய இருப்பது உண்மை. மாட்டின் மீது இந்த மண்ணுக்கு இருக்கும் பற்று பழையது என்பதும் உண்மை. ஆனால் அந்தக் கல்லையும் இந்த ஃபிளெக்ஸையும் ஒரே சட்டகத்தில் வைக்கத் துணிவதே நேர்மை.

தருமபுரிப் பக்கத்துக் கூத்து வட்டத்துக்கும் இதே அநீதி வேறு வடிவில் நடக்கிறது. திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதப் பிரசங்கம், இரவுக் கூத்து, அர்ச்சுனன் தபசு, மண்ணால் செய்த துரியோதனன் உருவத்தோடு படுகளம் என்று நாட்கணக்கில் நடக்கும் விழாவுக்கு வருகிற கேமரா, பெரும்பாலும் அழிந்துவரும் கலை என்ற ஒற்றை வரியோடுதான் வருகிறது. குறிப்பிட்ட ஒரு நடிகரின் துரியோதனனுக்காகவே பக்கத்து ஊர்களிலிருந்து வண்டி பிடித்து வந்து, பாட்டில் ஓரடி தவறினால் கண்டுபிடிக்கும் பார்வையாளர்கள் அங்கே விடிய விடிய உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்கள் பக்கம் கேமராவைத் திருப்பினால் அனுதாபப் படத்துக்குப் பதிலாக ரசனையைப் பற்றிய படம் கிடைக்கும்.

காளைக்காரர்கள் கேமராவைச் சந்தேகிப்பதற்கு வலுவான காரணம் இருக்கிறது. 2014 தீர்ப்புக்கு ஆதாரமாக வைக்கப்பட்டவற்றில் இந்திய விலங்கு நல வாரியத்துக்காகக் களத்தில் எடுக்கப்பட்ட புகைப்படங்களோடு கூடிய ஆய்வறிக்கைகளும் இருந்தன. தங்கள் தெருவில் நின்று யாரோ எடுத்த படம் டெல்லியில் தங்களுக்கு எதிராகப் பேசியது என்பதை அவர்கள் மறக்கவில்லை. அதனால்தான் புதிய ஆளைப் பார்த்ததும் முதலில் வருகிற கேள்வி, “யூடியூபாங்க சார், டிவிங்களா? பீட்டா ஆளுங்க இல்லையே?” என்பதாக இருக்கிறது. இந்தக் கேள்விக்கு ஒரு நாளில் பதில் சொல்ல முடியாது. மாட்டுக்கு ஊறு நடப்பதைப் பார்த்தால் இயக்குநர் என்ன செய்வார், எடுத்த காட்சி சாட்சியமாகக் கேட்கப்பட்டால் யாருக்கு ஆபத்து, பதினெட்டு வயது ஆகாத பையன் தடுப்புக்குள் குதித்தால் அவன் முகத்தைக் காட்டலாமா என்பவற்றை முன்கூட்டியே பேசி வைத்திருக்க வேண்டும். மாட்டை வதைப்பதை மறைத்துக் கொடுப்பது நட்பு ஆகாது என்பது என் கருத்து. அதே வேளை, ஒரு வட்டத்தையே குற்றவாளிக் கூட்டமாகக் காட்டும்படி அந்த ஒரு காட்சியை வெட்டி ஒட்டுவதும் உண்மை ஆகாது.

2023 பிப்ரவரி 2 அன்று சூளகிரியை அடுத்த கோபசந்திரத்தில் நடந்தது இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. எருது விடும் விழாவுக்கு அனுமதி கிடைப்பதில் தாமதம் ஏற்பட்டதால் கூடியிருந்தவர்கள் தேசிய நெடுஞ்சாலையை மறித்தார்கள், கல்வீச்சு நடந்தது, காவல்துறை கூட்டத்தைக் கலைத்தது. அன்று நாடு முழுவதும் ஓடிய காட்சிகளில் கல்லும் கண்ணாடி உடைந்த பேருந்தும் இருந்தன. ஒரு விழாவுக்குக் காளையைக் கொண்டுவருவது என்றால் வெளியூரிலிருந்து வண்டி பிடித்து, இரவெல்லாம் விழித்து, ஏழு மாதச் செலவை ஒரு காலைப் பொழுதில் பணயம் வைப்பது என்று முன்பே அறிந்த ஒருவர் அங்கே இருந்திருந்தால், கல்லெறிந்ததை நியாயப்படுத்தாமலேயே அந்தக் கோபம் எங்கிருந்து வந்தது என்று காட்டியிருக்க முடியும். செய்தி கேமரா நெருக்கடி நேரத்துக்கு மட்டும் வருகிறது. அதனிடம் அதற்கு முந்தைய மாதங்கள் இல்லை.

படம் முடிந்த பிறகு வருவது பணமும் உரிமையும். நியூயார்க்கின் கறுப்பின, லத்தீன் இனத்துப் பால்புதுமையர் (ஒருபாலீர்ப்பினர், திருநர் முதலியோர்) நடத்திய ஆட்டப் போட்டிகளைப் பற்றி ஜென்னி லிவிங்ஸ்டன் எடுத்து 1990 இல் வந்த ‘பாரிஸ் இஸ் பர்னிங்’ வெற்றி பெற்றதும், அதில் தோன்றியவர்கள் தங்கள் பங்கைக் கேட்டார்கள். பின்னர் சுமார் 55,000 டாலர் 13 பேருக்குப் பகிர்ந்து கொடுக்கப்பட்டது. ஆவணப்படத்தில் பேசுபவருக்குப் பணம் கொடுத்தால் அவர் சொல்வது மாறிவிடும் என்ற பழைய விதியை முன்வைத்து இன்றும் பலர் தயங்குகிறார்கள். பேசுவதற்குக் கூலி கொடுப்பது வேறு, படம் சம்பாதித்தால் அதில் பங்கு கொடுப்பது வேறு. இரண்டாவதை எழுத்தில் வைத்துக்கொள்வதில் எந்தக் குறையும் இல்லை.

எங்கே திரையிடுவது என்பதும் எளிதல்ல. 1952 ஆம் ஆண்டின் ஒளிப்பதிவுச் சட்டப்படி பொதுத் திரையிடலுக்குத் தணிக்கைச் சான்று வேண்டும். விலங்குகள் இடம்பெறும் படத்துக்கு விலங்கு நல வாரியத்தின் தடையின்மைச் சான்றும் கேட்கப்படும். தனியாளாகப் படம் எடுத்தவருக்கு இது படம் எடுத்ததைவிடப் பெரிய அலைச்சல். 2004 இல் மும்பை சர்வதேசத் திரைப்பட விழா இந்தியப் படங்களுக்கு மட்டும் தணிக்கைச் சான்று கேட்டபோது ஆவணப்பட இயக்குநர்கள் ஒன்றுகூடி எதிர்த்தார்கள். ‘விகல்ப்’ என்ற மாற்றுத் திரையிடல் அப்படிப் பிறந்தது. தமிழ்நாட்டில் ஆர்.பி. அமுதனின் ‘மறுபக்கம்’ அமைப்பு மதுரையில் நடத்திவரும் ஆவணப்பட, குறும்பட விழாவும், 2008 முதல் கேரள அரசு திருவனந்தபுரத்தில் நடத்தும் விழாவும் இத்தகைய படங்களுக்குப் பார்வையாளர்களைக் கொடுத்திருக்கின்றன.

அவற்றுக்கு முன்னால் படம் எடுத்த ஊரிலேயே, படத்தில் இடம்பெற்றவர்கள் முன்னிலையில், இறுதி வடிவம் ஆவதற்குள் ஒரு முறை போட்டுக் காட்ட வேண்டும் என்பதை நான் கட்டாயமாகவே கருதுகிறேன். சுவரில் வெள்ளை வேட்டி கட்டி, வாடகை புரொஜெக்டரில் போட்டாலும் போதும். காளை தோற்ற காட்சியை எடுத்துவிடுங்கள் என்பார்கள். தீனி வைக்கும் அம்மா தான் பேசியது இவ்வளவு குறைவா என்று கேட்பார். பக்கத்துத் தெருக்காரர் தங்கள் காளை ஏன் இல்லை என்பார். ஒருவரின் பாதுகாப்புக்கோ மானத்துக்கோ கேடு வரும் என்றால் வெட்டத்தான் வேண்டும். பெருமை குறைகிறது என்பதற்காக மட்டும் கேட்டால் இயக்குநர் உட்கார்ந்து விளக்கம் சொல்லி, காட்சியை வைத்துக்கொள்ளலாம். அந்த அம்மா கேட்டதற்கு மட்டும் எடிட்டிங் மேசைக்குத் திரும்பிப் போய், மூலப் பதிவில் அவர் பேசியது இன்னும் எவ்வளவு இருக்கிறது என்று தேடிப் பார்க்க வேண்டும்.